தோடமலைக்குப் போன குருவானவர்

நீலகிரியை "கண்டுபிடித்தவர்" யார் என்று பள்ளிப் பிள்ளைகளைக் கேட்டால் சல்லிவன் துரை என்பார்கள். பாடப் புத்தகம் அப்படித்தான் சொல்லித் தந்திருக்கிறது. சல்லிவன் அம்மலையில் கால் வைத்தது 1819-ல். அதற்கு 216 ஆண்டுகளுக்கு முன்பே ஐரோப்பியக் குருவானவர் ஒருவர் அங்கே போய், கண்டதைக் கடிதமாக எழுதி வைத்தார் என்பதை நம்மவரிலும் பலர் அறியார். அவர் வரலாற்றை நம் ஜூபிலி மலரின் வாசகர்களுக்கு எடுத்துச் சொல்வது பொருத்தம் என்று எண்ணுகிறேன்.

அவர் பெயர் ஜாக்கொமோ பெனீசியோ. இத்தாலி நாட்டில் கப்புவா நகரத்தார், சேசு சபைக் குரு. மலையாளக் கரையில் நெடுங்காலம் உழைத்தவர். அர்த்துங்கல் பங்கில் அவரை மக்கள் "வெளுத்தச்சன்" என்று அழைத்தனர். சபரிமலை போய்த் திரும்பும் ஐயப்ப பக்தர்கள் இன்றும் அர்த்துங்கல் கோயிலுக்கு வந்து மாலை கழற்றும் வழக்கத்தை அந்த வெளுத்தச்சன் நினைவோடு சேர்த்துப் பேசுவர். இந்துக்களின் புராணங்களையும் வழிபாட்டையும் கேட்டறிந்து 1609-ல் போர்த்துக்கீசிய மொழியில் பெரிய நூல் ஒன்றையும் எழுதினார். கேட்பதையும் காண்பதையும் குறித்து வைப்பது அவர் சுபாவம்.

அவர் மலை ஏறிய காரணம் விசித்திரமானது. அங்கமாலி ஆயராயிருந்த பிரான்சிஸ் ரோஸ் ஆண்டகையின் காதுக்கு ஒரு செய்தி எட்டியிருந்தது. மலபாருக்குக் கிழக்கே "தோடமலை" என்ற உயர்ந்த மலையில் அப்போஸ்தலர் தோமையார் காலத்துக் கிறிஸ்தவர்கள் குருவும் இன்றி, வேதமும் மறந்து வாழ்கிறார்கள் என்பதே அது. ஆயர் முதலில் 1602-ல் ஒரு கத்தனாரையும் ஒரு தியாக்கோனையும் அனுப்பினார். அவர்கள் கொண்டு வந்த தகவல் ஐயம் தீர்ப்பதாக இல்லை. ஆகவே மறு ஆண்டு பெனீசியோ அனுப்பப்பட்டார்.

கள்ளிக்கோட்டையிலிருந்து மண்ணார்க்காடு சென்று, அங்கிருந்து காட்டு வழியே மேற்குச் சரிவில் ஏறினார். பீரங்கியும் படையும் உடன் போகவில்லை. சில துணையாட்களும் வழிகாட்டிகளுமே போனார்கள். அட்டையும் காய்ச்சலும் யானையும் உள்ள அந்தக் காட்டைத் தெரிந்தவர்களுக்கு இது எத்தகைய ஏற்றம் என்பதை நான் விவரிக்க வேண்டியதில்லை. மேலே ஒரு படகர் ஊரை அடைந்தார். இன்றைய மஞ்சூருக்கு அருகில் உள்ள மேலூரே அது என்று ஆய்வாளர் கருதுகின்றனர். படகர்கள் 1603-க்கு முன்பே நீலகிரியில் குடியேறிவிட்டார்கள் என்பதற்கு எழுத்து மூலமான மிகப் பழைய சான்று இந்தக் குருவின் கடிதம்தான். அவர் தேடிப் போனது வேறு, வரலாற்றுக்குக் கிடைத்தது வேறு!

பிறகு தோடரைக் கண்டார். அவர்களுடைய பால்மனைப் பூசாரி வந்து பேசினார். நெடிய உருவம், நீண்ட தாடி, தோளில் புரளும் முடி என்று பெனீசியோ அவரை வருணிக்கிறார். எருமைகளைப் பற்றியும், தெய்வத்தைப் பற்றியும், அவர்கள் வழக்கங்களைப் பற்றியும் துபாசி வழியாகக் கேள்வி கேட்டார். பெண்களுக்கு முகம் பார்க்கும் கண்ணாடிகளும் நூல் கண்டுகளும் அன்பளிப்பாகக் கொடுத்தார். அவர்கள் மகிழ்ந்தார்கள்.

சிலுவை இருந்ததா? ஞானஸ்நானத்தின் நினைவு இருந்ததா? தோமையாரின் பெயரையாவது யாராவது கேட்டிருந்தார்களா? ஒன்றும் இல்லை. கள்ளிக்கோட்டைக்குத் திரும்பி, 1603 ஏப்ரல் 1-ஆம் நாள் தம் சபைத் தலைவருக்கு எழுதிய கடிதத்தில் பெனீசியோ இதை ஒளிவு மறைவின்றிச் சொல்லிவிட்டார்.

வாசகர் இங்கே சற்று நிற்க வேண்டும். அனுப்பிய ஆயர் ஒரு பதிலை எதிர்பார்த்தே அனுப்பினார். "ஆம், மறந்துபோன கிறிஸ்தவர்களைக் கண்டேன்" என்று எழுதியிருந்தால் ஐரோப்பா முழுவதும் அக்கடிதம் கொண்டாடப்பட்டிருக்கும். மறுத்துச் சொல்ல அம்மலையில் ஏறி இறங்கிய வேறு ஐரோப்பியர் அன்று இல்லை. தோடரின் தாடியையும் கம்பீரத்தையும் பார்த்து, இவர்கள் யூதரின் காணாமற்போன கோத்திரத்தார் என்றும், வேறு ஏதேதோ பழைய சாதியார் என்றும் பிற்கால வெள்ளையர் சிலர் கற்பனையாக எழுதினார்களே! பெனீசியோவோ கண்டதை மட்டும் எழுதினார். ஜூபிலி மலர்களில் பங்கு வரலாறு எழுதுகிற என் போன்றவர்களுக்கு, நம் ஊர்க் கோயிலை எப்படியாவது ஒரு நூறு ஆண்டு முன்னே தள்ளிவிட வேண்டும் என்ற ஆசை எழுவதுண்டு. அந்நேரங்களில் எனக்கு இந்தக் கடிதம் நினைவுக்கு வரும்.

அதற்குப் பின் இரண்டு நூற்றாண்டுகள் ஐரோப்பியர் அம்மலையைப் பற்றிக் கவலைப்படவில்லை. 1799-ல் திப்பு சுல்தான் வீழ்ந்தபின் அப்பகுதி கம்பெனி ஆட்சிக்கு வந்தது. 1812-ல் கீஸ், மக்மேஹன் என்ற இருவர் அளவைக்காக ஏறினார்கள். 1818-ல் கோவை கலெக்டரின் உதவியாளர்களான விஷ், கிண்டர்ஸ்லி இருவரும் போனார்கள். புகையிலை கடத்தியவர்களைத் துரத்திக் கொண்டு போனார்கள் என்று ஒரு கதை உண்டு. மறு ஆண்டு கலெக்டர் ஜான் சல்லிவனே ஏறினார். சிறுமுகையிலிருந்து கோத்தகிரிப் பக்கம் பாதை போடச் செய்து, உதகையில் முதல் கல் வீட்டையும் கட்டினார். மலை நிலம் தோடருக்கே உரியது, எடுப்பவர் ஈடு கொடுக்க வேண்டும் என்று அவர் மேலதிகாரிகளோடு வாதாடியதைச் சொல்லாமல் விடுவது நியாயமாகாது. 1838-ல் மனைவியையும் ஒரு மகளையும் அவர் அந்த மலையிலேயே அடக்கம் செய்தார்.

சாலை வந்ததும் துரைமார் வந்தார்கள். 1834-ல் மெக்காலே சென்னையிலிருந்து உதகைக்கு 400 மைல் மனிதர் தோளிலேயே பயணம் செய்தார். கவர்னர் ஜெனரல் பெண்டிங் அப்போது உதகையில் தங்கியிருந்தார். பல்லக்கில் இருந்தவர் பெயர் எல்லோருக்கும் தெரியும். தூக்கியவர் பெயர்களைத் தேடினேன், எந்த நூலிலும் கிடைக்கவில்லை. 1899-ல் குன்னூருக்கு ரயில் வரும்வரை டோலியும் மாட்டு வண்டியும் குதிரை வண்டியுமே மலைக்கு வாகனம். நம் பங்கின் பழைய குடும்பங்கள் சிலவற்றில், டோலி தூக்கிய பூட்டனாருக்குத் தோளில் ஆயுள் முழுதும் காய்ப்பு இருந்தது என்று சொல்லக் கேட்டிருக்கிறேன். மழை நாளில், மலைப்பாதையில், வெறுங்காலோடு ஏறியவர்கள் அவர்கள். மேலே போய்ச் சேர்ந்ததும் துரை குளிர் காற்றைப் புகழ்ந்து கடிதம் எழுத உட்காருவார். இவர்களோ ஒரே துப்பட்டியைப் போர்த்திக்கொண்டு நெருப்பண்டை ஒடுங்குவார்கள்.

பிறகு வேட்டை. சோலைகளுக்குள் ஆட்களை விட்டுத் தட்டிக் கலைக்கச் செய்து, வெளியே ஓடி வரும் கடமானைச் சுடுவார்கள். குந்தாப் பாறைகளில் வரையாட்டைச் சுடுவார்கள். அதற்கு அவர்கள் வைத்த பெயர் "ஐபெக்ஸ்", கடமானுக்கு "எல்க்". இரண்டும் தவறான பெயர்கள். உள்ளூர்க்காரரை ஒரு வார்த்தை கேட்டிருந்தால் சரியான பெயர் கிடைத்திருக்கும். உதகையில் வேட்டை நாய்களை வளர்த்து, சிவப்புச் சட்டையணிந்து குதிரையேறி, நரி கிடைக்காத குறைக்குக் குள்ளநரியைத் துரத்தினார்கள். சுட்டதைப் பெருமையாகக் கணக்கு வைத்துப் புத்தகம் எழுதியவர்களும் உண்டு. விலங்குகள் அருகிப் போகவே 1879-ல் நீலகிரிக்கென்று தனியாக வேட்டை, மீன் பாதுகாப்புச் சட்டம் கொண்டுவர வேண்டியதாயிற்று. நம் மாநில விலங்கான வரையாடு 2024-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் தமிழ்நாடு முழுவதிலும் 1,031 மட்டுமே.

இவர்களுள் பலரும் தோடரைப் பற்றி எழுதினார்கள். ஆனால் அவர்கள் நடுவில் பொறுமையாக இருந்து கேட்டெழுதியவர், 1901-லும் 1902-லும் அங்கே ஆய்வு செய்த ரிவர்ஸ் என்ற ஆங்கில மருத்துவர். அந்நாளில் தோடர் ஏறத்தாழ 800 பேர். தம் பெரிய நூலை 1906-ல் வெளியிட்டபோது, லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்துக் கையெழுத்துப் பிரதிகளுக்குள் கிடந்த பெனீசியோவின் போர்த்துக்கீசியக் கடிதத்தையும் மொழிபெயர்த்துப் பின்னிணைப்பாகச் சேர்த்தார். 303 ஆண்டுகள் கழித்து அக்கடிதம் அச்சேறியது இவ்வாறுதான். அதில் அந்த மலையின் உயரமோ, சுட்ட மிருகங்களின் தொகையோ கிடையாது. ஒரு பூசாரியிடம் கேட்ட கேள்விகளும், அவர் சொன்ன பதில்களும், கண்ணாடியை வாங்கித் தங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்ட பெண்களும் இருக்கிறார்கள்.