சுராங்கனி மனோகர்

காரைக்காலில் பிரெஞ்சு வழியில் படித்த எனக்கு, கிதாரும் பாட்டும் என்றால் ஜானி ஹாலிடேதான். 1970களில் வேலையாகத் தென்காசி வந்த பிறகு, இலங்கை வானொலியில் ஏ.இ. மனோகரனைக் கேட்டேன்.

போர்ச்சுகீசியர் வழிவந்த பைலா தாளத்தில், சிங்களமும் தமிழும் கலந்து அவர் பாடிப் புகழ்பெற்றது ‘சுராங்கனி’. 1977இல் இளையராஜா இசையில் ‘அவர் எனக்கே சொந்தம்’ படத்திலும் அது ஒலித்தது. பாடியது மலேசியா வாசுதேவன். சென்னை வந்த மனோகரனுக்கு சினிமா தந்தது பெரும்பாலும் வில்லன் வேடம்.

1983இல் இலங்கை பற்றி எரிந்தது. அந்தக் குற்றால சீசனிலும் ஐந்தருவி வேன்களில் பிள்ளைகள் ‘சுராங்கனி’ பாடிக்கொண்டுதான் போனார்கள். எது சிங்களச் சொல் என்று யாரும் கேட்கவில்லை. எனக்குத்தான் தொண்டை அடைத்தது.

2018 ஜனவரி 22, மனோகரன் சென்னையில் காலமானார். பாட்டு தெரிந்த பலருக்கு அவர் பெயர் தெரியவில்லை. அதனால்தான் இதை எழுதினேன்.