இரண்டு நிமிட மௌனமும் பூவரசம்பூவும்

விழா என்றதும் பறையும் மணியும் பாட்டுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஆயின், ஓசையின்மையையே உயிராகக் கொண்ட ஒரு சடங்கினை இருபதாம் நூற்றாண்டு உலகுக்கு அளித்தது. மாண்டோரை நினைந்து எழுந்து நின்று இரண்டு நிமிடம் மௌனம் காப்பதே அச்சடங்கு. ஆழிப்பேரலையில் மடிந்தோருக்காக ஆண்டுதோறும் டிசம்பர் 26ஆம் திகதி காலை 9.25 மணிக்கு நமது நாட்டிலும் மௌனம் காக்கப்படுகிறது. வழக்கமாகிவிட்ட ஒன்று என்றும் இருந்ததுபோலத் தோன்றுவது இயல்பே. எனினும், மௌனத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. அவ்வரலாற்றினுள் வர்க்கங்களின் முரண்பாடும் உண்டு.

முதலாம் உலகப் போர் 1918ஆம் ஆண்டு நவம்பர் 11ஆம் திகதி முற்பகல் 11 மணிக்கு ஓய்ந்தது. அதற்குச் சில மாதங்கள் முன்னரே, தென்னாபிரிக்காவின் கேப் டவுன் நகரில் நாள்தோறும் நண்பகலில் மக்கள் சற்று நேரம் மௌனமாக நிற்கும் வழக்கம் தொடங்கியிருந்தது. போரில் மகனைப் பறிகொடுத்த சேர் பேர்சி பிற்ஸ்பற்றிக் என்பவர் 1919இல் இதனை இலண்டன் ஆட்சியாளருக்கு எடுத்துரைத்தார். அவ்வாண்டு நவம்பர் 7ஆம் திகதி ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரின் வேண்டுகோள் வெளியாயிற்று. நான்கு நாட்களின் பின்னர், குறித்த நேரத்தில் புகையிரதங்கள் நின்றன; ஆலைகள் ஓய்ந்தன; வீதியிற் சென்றோர் நின்ற இடத்திலேயே தலைகுனிந்தனர்.

அத்துயரம் பொய்யன்று. பிள்ளையின் உடலைக்கூடக் காணாத தாய்மாருக்கு அந்த இரண்டு நிமிடங்கள் ஆறுதலாகவே இருந்தன. ஆயினும், அரசு அம்மௌனத்தை விரும்பி ஏற்றமைக்கான காரணத்தை 1919ஆம் ஆண்டின் சூழ்நிலையிலேயே நாம் தேடவேண்டும். அவ்வாண்டின் தொடக்கத்தில் வாரத்துக்கு 40 மணிநேர வேலை கோரிக் கிளாஸ்கோ நகரத் தொழிலாளர் வேலைநிறுத்தஞ் செய்தபோது, அரசு அந்நகருக்குப் படையையும் கவச வாகனங்களையும் அனுப்பியது. யூலை மாதம் லூற்றன் நகரில், சமாதான விழா நாளன்று, மனம் கசந்த முன்னாள் போர்வீரர் உள்ளிட்ட கூட்டம் நகர மண்டபத்தையே எரித்தது. தொழிலாளர் தம் உரிமைக்காகச் சக்கரங்களை நிறுத்துவது குற்றமாகக் கருதப்பட்டது. மன்னரின் வேண்டுகோளால் அதே சக்கரங்கள் நின்றது தேசபக்தியாகப் போற்றப்பட்டது. ஏன் இறந்தனர், எவருடைய இலாபத்துக்காக இறந்தனர் என்னும் வினாக்கள் அந்த மௌனத்துள் அடங்கிப்போயின.

ஆனால் அவை முற்றாக அடங்கவில்லை. 1922இல் வேலையற்ற முன்னாள் வீரர்கள், தம் பதக்கங்களின் அருகே அடகுச் சீட்டுகளைக் குத்திக்கொண்டு இலண்டன் நினைவுத் தூணைக் கடந்து சென்றனர். பேச்சின்றியே பேசிய ஊர்வலம் அது.

பேரரசின் மௌனம் எல்லா உயிர்களையும் சமமாக எண்ணவுமில்லை. 1919 ஏப்ரல் 13ஆம் திகதி, அமிர்தசரசின் ஜாலியன்வாலா பாக்கில் சுட்டுக் கொல்லப்பட்டோர், அரசாங்கக் கணக்கின்படியே 379 பேர். அவர்களுக்காக எந்தப் புகையிரதமும் நிறுத்தப்படவில்லை. பேரரசின் பொருட்டுப் போரிட்டு மாண்ட இந்திய வீரர் 74,000க்கும் மேற்பட்டோர். ஆபிரிக்காவிலோ, சுமைதூக்கிகளாக இழுத்துச் செல்லப்பட்டுப் பசியாலும் நோயாலும் மடிந்தோர் பலருக்குக் கல்லறையுமில்லை, கல்லிற் பெயருமில்லை. ஆபிரிக்காவையும் ஆசியாவையும் சேர்ந்தவர்களே பெரும்பான்மையாக, குறைந்தது 1,16,000 பேர் பெயரின்றியோ நினைவுச் சின்னமே இன்றியோ விடப்பட்டனர் என்பதைப் பொதுநலவாயப் போர்க் கல்லறை ஆணைக்குழு 2021இல் ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கோரியது. நூறாண்டுக் காலம் காக்கப்பட்ட மற்றொரு மௌனம் அது.

இவ்வநீதியை இலங்கையர் முன்னரே உணர்ந்திருந்தனர். நவம்பர் 11ஆம் திகதி இங்கே விற்கப்பட்ட பொப்பி மலரின் வருவாயிற் பெரும்பகுதி பிரித்தானியாவின் முன்னாள் வீரரையே சென்றடைந்தது. இதனை எதிர்த்து, உள்ளூர் வீரருக்கு உதவும் நோக்குடன், ஏலியன் பெரேரா போட்டியாகச் சூரியமல் விற்பனையைத் தொடங்கினார். சூரியமல் என்பது வேறன்று. நம் வேலிகளிலே தேடுவாரற்றுப் பூத்துதிரும் பூவரசம்பூவே. 1933இல், ஆங்கிலேய ஆசிரியையான டொரீன் யங், நம் பாடசாலைப் பிள்ளைகளைப் பொப்பி வாங்கச் செய்வதன் பொருத்தமின்மையைப் பத்திரிகையில் எடுத்துக்காட்டினார். தென் கொழும்பு வாலிபர் சங்கம் இவ்வியக்கத்தை ஏற்று, ஏகாதிபத்தியத்துக்கும் போருக்கும் எதிரான இயக்கமாக அதனை வளர்த்தது. இம்மலரை வாங்கியோரிற் பெரும்பாலோர் ஏழைகள். சேர்ந்த பணமோ சிறிது. எனினும், ஒடுக்கப்பட்ட சாதிச் சிறுமி ஒருத்தியின் கல்விக்கு அப்பணம் பயன்பட்டது. 1934-35இல் மலேரியா கொள்ளைநோய் கிராமங்களைச் சூறையாடியபோது, இவ்வியக்கத்து இளைஞர் மருந்தும் உணவும் சுமந்து குடிசை குடிசையாகச் சென்றனர். அவ்வனுபவத்தில் உரம்பெற்றவர்களே 1935 டிசம்பர் 18ஆம் திகதி லங்கா சமசமாஜக் கட்சியைத் தோற்றுவித்தனர்.

இவ்வரலாறு நமக்குப் புகட்டுவது யாது? இறந்தோரை நினைவுகூர்வது மனித உரிமை. ஆயின், எவரை நினைப்பது, எவரை மறப்பது என்பதை அதிகாரமே தீர்மானிக்குமாயின், மௌனம் அஞ்சலியாக இராது, ஆணையாகிவிடும். 2021 சனவரி 8ஆம் திகதி இரவு, யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்திலிருந்த முள்ளிவாய்க்கால் நினைவுத் தூபி இடித்தகற்றப்பட்டது. மாணவர் வாளாவிருக்கவில்லை; சில நாட்களுள்ளேயே அது மீண்டும் எழுப்பப்படுவதற்கான அடிக்கல் நாட்டப்பட்டது. சூரியமல் காலத்து வினாவே அங்கும் எழுந்தது: துயரத்துக்கும் அனுமதி வேண்டுமோ?

மாணவரை மௌனமாக எழுந்து நிற்கச் சொல்லும் ஆசிரியர், அந்த இரண்டு நிமிடம் முடிந்தபின் மூன்றாவது நிமிடத்தையும் அவர்களுக்கு வழங்குவாராக. யார் இறந்தனர், ஏன் இறந்தனர், எவருடைய பெயர் விடுபட்டது என்று அவர்கள் கேட்கட்டும். அவ்வினாக்களும் அஞ்சலியின் பகுதியே.