தளர்த்திய தந்திகள்

பேர்மிங்ஹாமுக்குக் குடிவந்த புதிதில், பழைய இசைத்தட்டுக் கடையொன்றில் ஓர் இரட்டைத் தட்டு வாங்கினேன். பிளாக் சபாத் குழுவின் ‘வீ சோல்ட் அவர் சோல் ஃபோர் ரொக் அன் ரோல்’. அவர்களுடைய முதல் ஆறு இசைத்தட்டுகளிலிருந்து தெரிந்தெடுத்த பாடல்கள்; 1975 டிசம்பரில் வெளியானது. ஊசியை வைத்ததும் மழைச் சத்தம், தூரத்தில் தேவாலய மணி, பிறகு நெஞ்சை அமுக்குகிற கிற்றார். இரைச்சல் என்று நிறுத்தப் போனவன் நிறுத்தவில்லை.

அந்தக் கிற்றாரின் கதை இந்த நகரத்தின் கதையும்தான். நான்கு பேரும் இங்கே அஸ்ரன் பகுதிப் பையன்கள். ரொனி அயோமி உலோகத் தகடு செய்யும் தொழிற்சாலையில் வேலை செய்தவர். 17 வயதில், வேலையை விட்டு விலகும் கடைசி நாளில், இயந்திரம் அவருடைய வலக்கை விரல்கள் இரண்டின் நுனியை எடுத்துவிட்டது. நானும் தொழிற்சாலையில் நின்றவன். கடைசி நாளில் மனம் எங்கே இருக்கும் என்று தெரியும். இடக்கைக்காரரான அவருக்குத் தந்தியை அழுத்துகிற கை வலக்கைதான். பிளாஸ்ரிக் போத்தலை உருக்கி விரல் நுனிகளுக்கு உறை செய்தார். மெல்லிய தந்திகளைப் பூட்டினார். 1971இல் ‘மாஸ்ரர் ஒஃப் ரியாலிற்றி’க்காகத் தந்திகளை மூன்று அரைச்சுரம் தளர்த்தினார். விரலுக்கு நோவு குறைந்தது; ஓசை கனத்தது. தொகுப்பில் ‘பரனொயிட்’டையும் ‘சில்ட்ரன் ஒஃப் த கிரேவ்’வையும் அடுத்தடுத்துக் கேட்டால் அந்த இறக்கம் காதுக்குப் பிடிபடும். ஹெவி மெற்றல் என்று உலகம் அழைப்பதன் அடி அங்கேதான் இருக்கிறது.

இந்தத் தொகுப்பைக் குழுவினர் செய்யவில்லை. அவர்களைக் கேட்காமலே வெளியிட்டார்கள். உழைத்தவர்கள் ஒருபக்கம், அவர்களுடைய வரலாற்றைத் தொகுத்து விற்றவர்கள் இன்னொருபக்கம். ஆனாலும் ஆறு தட்டுகள் வாங்க வசதியில்லாத என்போன்றோருக்கு வாசல் இதுதான்.

வாசல் முழு வீடாகிவிடாது என்பது பிறகுதான் விளங்கியது. 1975இன் ‘சபொற்றாஜ்’ தட்டிலிருந்து இதில் ஒரேயொரு பாடல். பின்வந்த த்ராஷ் குழுக்கள் முன்னோடியாகக் கொண்டாடிய ‘சிம்ப்ரம் ஒஃப் த யுனிவேர்ஸ்’ இல்லை.

2025 ஜூலை 5 அன்று, அஸ்ரனில் உள்ள வில்லா பார்க் மைதானத்தில் நால்வரும் கடைசியாக ஒன்றுசேர்ந்து வாசித்தார்கள். நேரடி ஒளிபரப்பில் பார்த்தேன். பதினேழு நாளில் ஒஸி ஒஸ்போர்ன் இறந்துபோனார். அன்று அவர்களுக்கு மரியாதை செய்ய வந்த மெற்றாலிக்கா ‘ஹோல் இன் த ஸ்கை’ வாசித்தது. அதுவும் ‘சபொற்றாஜ்’ பாடல்தான். எழுந்துபோய் என்னுடைய தட்டின் உறையைத் திருப்பிப் பார்த்தேன். அதில் அந்தப் பாடல் இல்லை.