எட்டரை மாதக் கூட்டணி

அமெரிக்காவை இழந்த பிரிட்டன், இந்தியா இனி யார் பிடியில் இருப்பது என்று தனக்குள் மோதிக்கொண்ட ஆண்டு 1783. அந்த மோதலில் ஓர் அமைச்சரவையே கவிழ்ந்தது.

நார்த் பிரபு 1770 முதல் 1782 வரை பிரதமர். அமெரிக்கப் போரை நடத்தித் தோற்றவர். போர் ஆண்டுகளில் அவரை மக்கள் சபையில் ஓயாமல் தாக்கியவர் சார்லஸ் ஜேம்ஸ் ஃபாக்ஸ். இந்த இருவரும் 1783 பிப்ரவரியில் கைகோத்து, போரை முடிக்கும் சமாதான நிபந்தனைகளைக் காரணம் காட்டி, அப்போது பிரதமராக இருந்த ஷெல்பர்ன் பிரபுவின் அரசை வீழ்த்தினார்கள்.

மன்னர் மூன்றாம் ஜார்ஜுக்கு ஃபாக்ஸைக் கண்டாலே ஆகாது. ஐந்து வாரம் வேறு ஆள் தேடினார். முடிதுறக்கும் அறிவிப்பைக்கூட எழுதிப்பார்த்தார். ஒருவரும் கிடைக்காமல், ஏப்ரல் 2 அன்று பணிந்தார்.

பெயருக்குப் பிரதமர், போர்ட்லண்ட் கோமகன். வெளியுறவு ஃபாக்ஸிடம், உள்துறை நார்த்திடம், நிதி ஜான் கேவண்டிஷ் பிரபுவிடம், கடற்படை கெப்பலிடம். எட்மண்ட் பர்க் அமைச்சரவைக்கு வெளியே, படைச் சம்பளப் பொறுப்பில் இருந்தார். ஷெல்பர்னின் சமாதானத்தைக் கண்டித்துப் பதவிக்கு வந்தவர்கள், செப்டம்பர் 3 அன்று பாரிஸில் ஏறக்குறைய அதே நிபந்தனைகளுக்குத்தான் ஒப்பமிட்டார்கள்.

நவம்பர் 18 அன்று ஃபாக்ஸ் இந்திய மசோதாவைக் கொண்டுவந்தார். அதற்குப் பின்னால் இருந்த சிந்தனை பர்க்குடையது. அதிகாரம் என்பது நம்பி ஒப்படைக்கப்பட்ட பொறுப்பு. கிழக்கிந்தியக் கும்பெனி அதைக் கெடுத்துவிட்டால் நாடாளுமன்றம் திரும்பப் பெறலாம் என்று டிசம்பர் 1 அன்று அவர் வாதிட்டார். ஆர்க்காட்டிலும் தஞ்சாவூரிலும் கும்பெனி செய்த அக்கிரமங்களைச் சபையின் முன் வைத்தார்.

கொள்கை நியாயமானது. ஏற்பாடோ அதற்கே குழி பறித்தது. லண்டன் லெடன்ஹால் தெருவில் அமர்ந்திருந்த கும்பெனி இயக்குநர்களின் இடத்தில் ஏழு ஆணையர்கள், நான்கு ஆண்டுகளுக்கு. ஏழு பேரும் கூட்டணிக்காரர்கள். ஒருவர் நார்த்தின் மகன். இந்தியப் பதவிகளை எல்லாம் ஃபாக்ஸ் சுருட்டப் பார்க்கிறார் என்று கும்பெனி ஊரைக் கூட்டியது. ஜேம்ஸ் சேயர்ஸ் வரைந்த கேலிச்சித்திரத்தில் ஃபாக்ஸ் ‘கார்லோ கான்’ ஆகி யானைமேல் வந்தார். யானையின் முகம் நார்த்துடையது.

மக்கள் சபையில் மசோதா 208க்கு 102 என்று வென்றது. உடனே மன்னர் டெம்பிள் பிரபுவை அழைத்து, மசோதாவை ஆதரித்து வாக்களிப்பவர் தம் எதிரி என்று பிரபுக்களிடம் சொல்லச் சொன்னார். டிசம்பர் 17 அன்று பிரபுக்கள் சபை 95க்கு 76 என்று அதைத் தோற்கடித்தது. மறுநாள் நள்ளிரவில் ஃபாக்ஸுக்கும் நார்த்துக்கும் ஆள் வந்தது: முத்திரைகளைத் துணைச் செயலர்களிடம் கொடுத்தனுப்புங்கள், நேரில் வர வேண்டாம். 24 வயது இளைய பிட் பிரதமரானார். 1784 தேர்தலில் கூட்டணி ஆதரவாளர்கள் சுமார் 160 பேர் இடம் இழந்தார்கள்.

அதே ஆண்டு பிட் தம் இந்தியச் சட்டத்தை நிறைவேற்றினார். கும்பெனி இயக்குநர்கள் நீடித்தார்கள். மேலே ஒரு கட்டுப்பாட்டு வாரியம் அமர்ந்தது. ஆர்க்காட்டு நவாப் முகமது அலிக்குக் கடன் கொடுத்ததாகச் சொன்ன பால் பென்ஃபீல்டு முதலானோரின் கணக்குகளை அந்த வாரியம் சரிவர விசாரிக்கவில்லை. நவாபின் ஆட்சிப்பகுதியான கர்நாடகத்து வருவாயிலிருந்தே அந்தக் கடன்களை அடைக்க உத்தரவிட்டது. 1785 பிப்ரவரியில் பர்க் எழுந்து அதைக் கடுமையாகச் சாடினார். சபை அவர் பக்கம் நிற்கவில்லை.

அந்த வருவாய், ஹைதர் அலியின் போரிலும் பஞ்சத்திலும் சீரழிந்திருந்த நம் மண்ணின் விளைச்சல். லண்டனில் இரு தரப்பும் சண்டையிட்டது பதவிகளை யார் வழங்குவது என்பதற்காக. தீர்ப்புக்கு விலை கொடுத்தவன், வாக்கே இல்லாத தமிழ் உழவன். எட்டரை மாத ஆட்சியின் கதையை நாம் படிக்கவேண்டிய காரணம் இதுதான்.

(தொடரும்)