கிணறு உன்னுது, தண்ணி யாருது?

"கிணத்தைத்தான் வித்தேன், தண்ணியை விக்கலை"ன்னு ஒருத்தன் வம்புக்கு நின்ன கதை நம்ம எல்லாருக்கும் தெரியும். சின்ன வயசுல சிரிச்சுட்டு விட்டுட்டோம். ஆனா பழைய மாமல்லபுரம் சாலைப் பக்கம் நாவலூர், படூர், கேளம்பாக்கம்னு வளர்ந்து நிக்கிற அடுக்குமாடிகளையும், அங்கே வரிசைகட்டுற தண்ணி லாரிகளையும் பார்த்தா அந்தக் கேள்வி இன்னும் தீரலைன்னு தெரியும். தண்ணி யாருது?

சட்டம் சொன்ன பதில் பொறந்த ஊர் இங்கிலாந்துல லங்காஷயர். ஒரு பருத்தி ஆலையோட கிணறு, அக்கம்பக்கத்துல நிலக்கரிக்குக் குழி தோண்டினதால வத்திப் போச்சு. கேஸ் நடந்து 1843-ல் தீர்ப்பு வந்தது: நிலத்துக்காரர் தன் நிலத்துக்கு அடியில இருக்கிற தண்ணியை எடுத்துக்கலாம், அடுத்தவன் கிணறு வத்தினா நஷ்டஈடு கிடையாது. பூமிக்கடியில தண்ணி எப்படி ஓடுதுன்னு யாருக்கும் தெரியாதேங்கிறதும் அதுக்குச் சொன்ன காரணங்கள்ல ஒண்ணு.

இதே விதி 1882-ல் இந்திய வசதியுரிமைச் சட்டத்துல (வக்கீல்கள் ஈஸ்மென்ட் சட்டம்பாங்க) ஏறிச்சு. அந்தச் சட்டம் முதல்ல அமலான இடங்கள்ல சென்னை மாகாணமும் ஒண்ணு. உத்திரமேரூர்ல ஏரியைக் கவனிக்கிறதுக்குன்னே குடவோலையில ஏரி வாரியம் தேர்ந்தெடுத்ததைப் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டு (கி.பி. 919, 921) சொல்லுது. ஏரித் தண்ணிக்கு ஊரே பொறுப்பு. அதே செங்கல்பட்டுச் சீமையில, மண்ணுக்கடியில இருக்கிற தண்ணி மட்டும் பட்டாக்காரர் பாடுன்னு ஆயிடுச்சு!

ஆனா கோவளம் பக்கத்து மணலுக்கு இந்தச் சட்டம் தெரியாது. கடலுக்கும் பக்கிங்காம் கால்வாய்க்கும் நடுவுல மழைத்தண்ணி உப்புத்தண்ணி மேல மிதக்குது. கணக்கு இதுதான்: நல்ல தண்ணி மட்டம் கடல் மட்டத்துக்கு மேல 1 அடி இருந்தா, கீழே சுமார் 40 அடி ஆழம் வரை நல்ல தண்ணி. அந்த 1 அடி இறங்கினா, அடியில உப்பு 40 அடி மேல ஏறும். ஒருத்தர் போர் போட்டு உறிஞ்சினா உப்பு தெருவுக்கே வரும்.

அரசாங்கத்துக்கும் இது புரியாம இல்லை. சென்னைக்கும் சுத்துப்பட்டு கிராமங்களுக்கும் 1987-ல் நிலத்தடி நீர் ஒழுங்குமுறைச் சட்டம் வந்தது. லாரியில தண்ணி கொண்டுபோக லைசென்ஸ் வேணும்னாங்க. மாநிலம் முழுக்க 2003-ல் போட்ட சட்டமோ அமலுக்கே வராம 2013-ல் ரத்தாச்சு. அடுத்த வருஷம் ஒரு அரசாணை. அதை எதிர்த்துத் தண்ணி வியாபாரிகள் போட்ட மனுக்களை 2018 அக்டோபர் 3-ம் தேதி சென்னை உயர்நீதிமன்றம் தள்ளுபடி செஞ்சது. அனுமதியில்லாம வியாபாரத்துக்கு உறிஞ்சினா திருட்டுன்னே எடுத்துக்கணும்னும் சொன்னது. வடிவேலு கிணத்தைக் காணோம்னு புகார் கொடுத்தார், இங்கே சொந்தக் கிணத்துலயே ஒருத்தர் திருடனாகலாம் :-)

இதுல ஃப்ளாட் வாங்கினவர் எங்கே நிக்கிறார்? அவருக்கு இருக்கிறது நிலத்துல பிரிக்கப்படாத பங்கு. பில்டர் சொன்ன தண்ணி வரலைன்னா நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகலாம். வீடு கட்டித் தர்றதும் 'சேவை'தான்னு 1993-லேயே உச்சநீதிமன்றம் சொல்லியாச்சு. 2016-க்கு அப்புறம் ரெரா சட்டமும் இருக்கு. நியாயமான வழக்குதான், ஜெயிக்கவும் ஜெயிக்கலாம்.

ஜெயிச்ச பிறகு? பில்டர் இன்னொரு போர் போடுவார், இல்லைன்னா லாரியைக் கூப்பிடுவார். அந்த லாரி ரொம்புறது ஏதோ ஒரு கிராமத்துக் கிணத்துல. பக்கத்து வயக்காரர் இந்த வழக்குல வாதியும் இல்லை, பிரதிவாதியும் இல்லை. அவர் கிணறு வத்தினா, அவருக்குச் சொல்ல 1843-ம் வருஷத்துப் பதில்தான் இருக்கு.

நெம்மேலியில 2013-ல் நாளுக்கு 10 கோடி லிட்டர், 2024-ல் இன்னொரு 15 கோடி லிட்டர்னு கடல்நீரைக் குடிநீராக்குற ஆலைகள் வந்தாச்சு. நல்லதுதான். ஆனா மணலுக்கடியில மழை சும்மா கொடுத்த தண்ணியை உப்பாக்கிட்டு, பக்கத்துலயே கரண்ட் செலவழிச்சு உப்பைப் பிரிக்கிறோம்.

வீடு வாங்குறப்போ வில்லங்கம் பார்க்கிறோம், பட்டா பார்க்கிறோம். தண்ணி எந்த ஊர்க் கிணத்துலேர்ந்து வருதுன்னு உங்கள்ல எத்தனை பேர் கேட்டீங்க? சொல்லுங்களேன்.