இரண்டாவது கொட்டு

"போன வருஷமும் இதே கதண்டுதான் கொட்டுச்சு. சுண்ணாம்பு தடவுனேன், சரியாப் போச்சு. இதுக்குப் போய் ஆஸ்பத்திரியா?"

தம்பியின் வண்டியில் பின்னால் உட்கார்ந்துகொண்டே சித்தி சொன்னது இது. மன்னார்குடிப் பக்கம் எங்கள் ஊர். கதண்டு என்றால் எங்களுக்குத் தெரியும். மற்ற ஊர்க்காரர்கள் கடந்தை என்றோ பெரிய குளவி என்றோ சொல்வீர்கள். தென்னை மரத்திலோ பனை மரத்திலோ பானை மாதிரி கூடு கட்டும். கூட்டைக் கொளுத்தத் தீயணைப்பு வண்டியையே கூப்பிடுவோம். அன்று சித்தியைக் கொட்டியது ஒன்றே ஒன்றுதான், புறங்கையில். கால் மணி நேரத்தில் உடம்பெல்லாம் தடிப்பு, குரல் கம்மிவிட்டது, வயிற்றைப் பிசைகிறது என்றார்.

போன இடத்தில் உடனே அவில் ஊசி போட்டார்கள். பிறகு டெக்சா. "அலர்ஜிதான், அரை மணி நேரம் உக்காருங்க" என்று பெஞ்சில் உட்கார வைத்தார்கள். சித்தி பாத்ரூம் போகவேண்டும் என்று எழுந்து நின்றார். இரண்டடி வைத்தார். அப்படியே சரிந்தார். ஷிஃப்ட் மாறி அப்போதுதான் உள்ளே வந்த ஒரு இளம் டாக்டரம்மா ஓடிவந்து நாடியைப் பார்த்தார், தரையிலேயே மல்லாக்கப் படுக்கவைத்துக் காலைத் தூக்கச் சொன்னார், சின்னக் கண்ணாடிக் குப்பி ஒன்றை உடைத்துத் தொடையின் வெளிப்பக்கத்தில் குத்தினார். ஐந்து நிமிஷம் கழித்து இன்னொன்று. சித்தி கண்ணைத் திறந்தார். அந்தக் குப்பியில் இருந்தது அட்ரினலின்.

வீட்டுக்கு வந்ததும் எனக்கு இரண்டு கேள்விகள். போன வருஷம் சுண்ணாம்போடு போன கொட்டு இந்த வருஷம் ஏன் ஆளையே சாய்த்தது? உயிரைக் காப்பாற்றிய மருந்து ஏன் மூன்றாவதாக வந்தது? நான் மருத்துவன் இல்லை, பழைய கட்டுரைகளைக் கிண்டுகிறவன். இரண்டு மாதம் கிண்டியதில் கிடைத்ததை இங்கே எழுதிவைக்கிறேன். இரண்டு கேள்விக்கும் விடை கிட்டத்தட்ட ஒரே வருஷத்தில், 1901-இல், ஆரம்பிக்கிறது என்பதுதான் எனக்கே ஆச்சரியம்.

முதல் கேள்விக்கான விடை ஒரு உல்லாசக் கப்பலில் இருக்கிறது. மொனாக்கோவின் இளவரசர் முதலாம் ஆல்பர்ட்டுக்குக் கடல் ஆராய்ச்சியில் பெரும் பைத்தியம். சூதாட்ட விடுதிக்குப் பேர்போன நாட்டை ஆண்டவர், தன் காலத்தைப் பெரும்பாலும் கடலடி உயிரினங்களோடு கழித்தார். 1901 கோடையில் தன் 'பிரின்செஸ் ஆலிஸ்' கப்பலில் பாரிஸைச் சேர்ந்த இரண்டு உடலியல் அறிஞர்களை அழைத்துப் போனார்: சார்ல் ரிஷே, போல் போர்த்தியே. அட்லாண்டிக்கில் ஃபிசாலியா என்றொரு உயிர் மிதக்கும். பார்க்க நீலப் பலூன், கீழே நீளநீளமாக விஷ இழைகள். ஜெல்லிமீன் மாதிரி இருக்கும், ஆனால் ஜெல்லிமீன் இல்லை. நம்ம சென்னைக் கடற்கரையிலும் சில சமயம் ஒதுங்கும். அது பட்ட மாலுமிகள் வலியில் மயங்கி விழுவதை இளவரசர் பார்த்திருக்கிறார். அந்த விஷம் என்ன என்று கண்டுபிடியுங்கள் என்றார்.

கப்பலிலேயே இழைகளைக் கரைத்துப் புறாக்களுக்கும் மற்ற சிறு பிராணிகளுக்கும் ஊசி போட்டுப் பார்த்தார்கள். பாரிஸ் திரும்பிய பிறகு ஃபிசாலியாவுக்கு எங்கே போவது? அதே வகை விஷம் கொண்ட கடல் சாமந்திகளை எடுத்து, இழைகளைக் கிளிசரினில் ஊறவைத்த சாற்றை நாய்களுக்குச் செலுத்தினார்கள். நோக்கம் நல்லதுதான். பாஸ்டர் காலத்து பிரான்ஸ் அது. கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்தால் உடம்பு பழகிக்கொள்ளும், விஷம் பிறகு ஏறாது என்ற நம்பிக்கை காற்றில் இருந்தது.

நெப்டியூன் என்ற நாய், நல்ல திடகாத்திரம். ரிஷே தன் நோபல் உரையில் இதை விவரிக்கிறார். முதல் ஊசிக்கு ஒன்றும் ஆகவில்லை. 22 நாள் கழித்து அதே சாறு, அதே அளவு. சில நொடிகளில் மூச்சுத் திணறியது. நிற்க முடியாமல் பக்கவாட்டில் சாய்ந்தது, ரத்த வாந்தி எடுத்தது, 25 நிமிஷத்தில் செத்துப்போனது. பழகியிருக்க வேண்டிய உடம்பு பழகவில்லை. முதல் ஊசி காப்பதற்குப் பதில் காட்டிக்கொடுத்துவிட்டது.

இதைப் படித்தபோது எனக்குச் சித்தியின் சுண்ணாம்புதான் ஞாபகம் வந்தது. (நாய்களை இப்படிக் கொன்றதைப் படிக்க மனசு வரவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனால் படிக்காமல் இந்தக் கதையைச் சொல்லமுடியாது.)

இது முதல்முறையாகக் கண்ணில் பட்டதுமில்லை. 1839-இலேயே பிரான்சுவா மஜாந்தி, முட்டை வெள்ளைக்கருவைத் திரும்பத் திரும்பச் செலுத்திய பிராணிகள் திடீரென்று செத்ததைக் குறித்துவைத்திருக்கிறார். ஆனால் அதை ஒரு தனி நிகழ்வாகப் பிடித்துப் பெயர் வைத்தது இவர்கள்தான். போர்த்தியே பின்னாளில் நினைவுகூர்ந்தபடி, ரிஷே கரும்பலகைக்குப் போய்க் கிரேக்கச் சொற்களை எழுதிப் பார்த்தாராம். 'ஃபிலாக்சிஸ்' என்றால் காப்பு. அதற்கு எதிர்ப்பதம் 'அஃபிலாக்சிஸ்' காதுக்கு இனிமையாக இல்லை என்று 'அனாஃபிலாக்சிஸ்' ஆக்கினார்கள். இலக்கணப்படி அது சரியான எதிர்ப்பதமே இல்லை என்று பண்டிதர்கள் சொல்வதுண்டு. 1902 பிப்ரவரியில் கட்டுரை வெளியானது. 1913 நோபல் பரிசு ரிஷேவுக்கு மட்டும். போர்த்தியேவுக்கு இல்லை. மொனாக்கோ மட்டும் பின்னால் இருவரையும் அஞ்சல்தலையில் போட்டுக் கௌரவித்தது.

ரிஷே விசித்திரமான ஆள். ஆவிகளோடு பேசும் கூட்டங்களுக்குப் போவார். 'எக்டோபிளாசம்' என்ற சொல்லே அவர் கொடுத்ததுதான். இனவெறிக் கருத்துகளும் எழுதியிருக்கிறார். கண்டுபிடிப்பைக் கொண்டாடுகிறவர்கள் அந்தப் பக்கத்தைப் புரட்டாமல் தாண்டிவிடுகிறார்கள்.

உடம்புக்குள் என்ன நடக்கிறது என்பது விளங்க மேலும் அறுபது வருஷம் ஆனது. முதல் கொட்டில் உடம்பு அந்த விஷத்துக்கென்று 'ஐஜிஇ' என்ற எதிர்ப்பொருளைத் தயாரித்து, 'மாஸ்ட் செல்' என்னும் அணுக்களின் மேல் கண்ணிவெடி மாதிரி பதித்து வைக்கிறது. எல்லோருக்கும் இது நடக்காது. யாருக்கு நடக்கும் என்று முன்கூட்டிச் சொல்லவும் முடியாது. அடுத்த கொட்டில் அத்தனையும் ஒரே நேரத்தில் வெடிக்கிறது. ஹிஸ்டமினும் இன்னும் பலதும் கொட்டி, ரத்தக்குழாய்கள் தளர்ந்து ஒழுகுகின்றன, மூச்சுக்குழல் சுருங்குகிறது, தொண்டை வீங்குகிறது. ஐஜிஇ-யை 1960-களின் நடுவில் அமெரிக்காவில் இஷிசாகா தம்பதியும், ஸ்வீடனில் யொஹான்சன், பென்னிக் இருவரும் தனித்தனியே கண்டுபிடித்தார்கள்.

இரண்டாவது கேள்விக்கு வருகிறேன்.

ரிஷே கப்பலேறிய அதே 1901-இல் நியூயார்க்கில் ஜோகிச்சி தகாமினே என்ற ஜப்பானிய வேதியியலாளர், தன் உதவியாளர் உயெனாகாவோடு சேர்ந்து தூய நிலையில் பிரித்தெடுத்த ஒரு பொருளைப் பற்றி அறிவித்தார். மாட்டின் சிறுநீரகத்துக்கு மேலே இருக்கும் சுரப்பியிலிருந்து எடுத்தது. பார்க் டேவிஸ் கம்பெனி அதை 'அட்ரினலின்' என்று விற்றது. அந்தச் சுரப்பியின் சாறு ரத்த அழுத்தத்தைச் சட்டென்று ஏற்றும் என்பதை அதற்குச் சில வருஷம் முன்பே லண்டனில் ஆலிவரும் ஷேஃபரும் காட்டியிருந்தார்கள். 1903-இல் நியூயார்க்கில் இரண்டு டாக்டர்கள் ஆஸ்துமா நோயாளிகளுக்குத் தோலுக்கடியில் அட்ரினலின் ஊசி போட்டுப் பலன் கண்டு எழுதினார்கள்.

ஆக, நோய்க்குப் பெயர் கிடைக்கும் முன்பே மருந்து கடையில் இருந்தது. சரிந்த ரத்த அழுத்தத்தை ஏற்றும், சுருங்கிய மூச்சுக்குழலை விரிக்கும், வீக்கத்தை வடிக்கும், மாஸ்ட் செல்கள் மேலும் வெடிப்பதையும் தணிக்கும். இத்தனையையும் ஒரே மருந்து சில நிமிஷத்தில் செய்கிறது. பிறகு எப்படி அது பின்னால் தள்ளப்பட்டது?

புது மருந்துகள் வந்தன. 1937-இல் டானியேல் போவே முதல் ஆன்டிஹிஸ்டமினைக் கண்டுபிடித்தார், 1940-களில் அந்த வகை மனிதர்களுக்கு வந்தது. 1948-இல் கார்டிசோன் முதல்முறையாக மூட்டுவாத நோயாளிக்குக் கொடுக்கப்பட்டது. இரண்டும் நோபல் வாங்கித் தந்தவை. இரண்டும் 'அலர்ஜி மருந்து' என்ற பெயரோடு வந்தன. அட்ரினலினுக்கு அந்தப் பெயர் ஒட்டவில்லை. அது இதயம் நின்றால் எடுக்கும் மருந்து, கடைசி மருந்து என்று தனித் தட்டில் உட்கார்ந்துவிட்டது. என் கணிப்பு இதுதான்: கண்ணுக்குத் தெரிவது தடிப்பு, அவில் தடிப்பைக் குறைக்கும், உடனே எல்லோருக்கும் நிம்மதி. ஆனால் ஆளைக் கொல்வது தடிப்பு இல்லை. ஆன்டிஹிஸ்டமின் ஹிஸ்டமினின் ஒரு வாசலை மட்டும்தான் அடைக்கிறது. தொண்டையைத் திறக்காது, அழுத்தத்தை ஏற்றாது. ஸ்டீராய்டு வேலை செய்யவே பல மணி நேரம் ஆகும். தடிப்பே இல்லாமல் வருகிறவர்களும் பத்தில் ஒருவர் இருவர் உண்டு. மூச்சிரைப்பு, திடீர் வாந்தி, மயக்கம் மட்டும் இருக்கும்.

பயத்துக்குக் காரணம் இல்லாமலும் இல்லை. நீர்க்காத அட்ரினலினை நேரே நரம்பில் ஏற்றினால் இதயத் துடிப்பே தாறுமாறாகும். அதனால்தான் தசையில் போடுகிறார்கள். எங்கே என்பதற்கும் ஒரு கதை உண்டு. பல காலம் கையில் தோலுக்கடியில்தான் போட்டார்கள். கனடாவின் வினிபெக்கில் எஸ்டெல் சைமன்ஸ் 1998-இல் குழந்தைகளிடம் அளந்து பார்த்தார். தொடைத் தசையில் போட்டால் ரத்தத்தில் உச்சத்தை எட்டச் சராசரியாக 8 நிமிஷம். தோலுக்கடியில் போட்டால் 34 நிமிஷம்.

இந்த நிமிஷக் கணக்கு எவ்வளவு முக்கியம் என்பதைப் பிரிட்டனில் பம்ஃப்ரே என்ற மருத்துவர் காட்டினார். 1990-களில் அங்கே இப்படி இறந்தவர்களின் கோப்புகளை எடுத்துப் பார்த்தார். மூச்சோ இதயமோ நிற்க எடுத்துக்கொண்ட இடைநிலை நேரம்: உணவு என்றால் 30 நிமிஷம், பூச்சிக் கொட்டு என்றால் 15, ஊசி மருந்து என்றால் 5. இறந்தவர்களில் 62 சதவீதம் பேருக்கு அட்ரினலின் போடப்பட்டிருந்தது. ஆனால் நிற்பதற்கு முன்னால் போடப்பட்டது 14 சதவீதம் பேருக்குத்தான். கையில் மருந்து இருந்திருக்கிறது, வரிசைதான் தப்பு. இந்த வரியைப் படித்துவிட்டு அன்று மேற்கொண்டு எதுவும் படிக்க முடியவில்லை.

அவரே 2003-இல் இன்னொன்றையும் கவனித்தார். சிலர் இறந்தது எழுந்து நின்றபோது, அல்லது படுத்திருந்தவரை நிமிர்த்தி உட்காரவைத்தபோது. குழாய்கள் தளர்ந்து ரத்தமெல்லாம் காலுக்கு இறங்கிவிட்டால் இதயத்துக்குத் திரும்பி வர ஒன்றும் இருக்காது. அதனால்தான் படுக்கவைத்துக் காலைத் தூக்கச் சொல்கிறார்கள். மூச்சு ரொம்பத் திணறினால் மட்டும் காலை நீட்டி உட்காரலாம். நாங்களோ சித்தியை வண்டியில் உட்காரவைத்து ஆறு கிலோமீட்டர் கொண்டுபோனோம். பாத்ரூமுக்கு எழுந்தபோது "மெதுவா போங்க" என்று சொன்னவன் நான்தான்.

வெளிநாடுகளில் இதற்கென்று தானே குத்திக்கொள்ளும் பேனா இருக்கிறது. விஷவாயுத் தாக்குதலுக்காக அமெரிக்க ராணுவத்துக்கு ஷெல்டன் கப்லான் வடிவமைத்த கருவியிலிருந்து பிறந்தது. 1987-இல் எபிபென் என்று அங்கே அனுமதி பெற்றது. இங்கே நம்ம மருந்துக்கடையில் சுலபத்தில் கிடைக்காது. கிடைப்பது ஒரு மில்லியில் ஒரு மில்லிகிராம் உள்ள குப்பிதான். பெரியவர்களுக்கு அதில் அரை மில்லி, தொடையில். தேவைப்பட்டால் ஐந்து நிமிஷத்துக்குப் பிறகு மறுபடியும். குழந்தைகளுக்கு எடைக்குத் தக்க குறையும். இதைப் படித்துவிட்டு நீங்களாக வாங்கிவைத்துக் குத்தக் கிளம்பாதீர்கள். ஒருமுறை இப்படி வந்தவர்கள் டாக்டரிடம் கேட்டுக் கற்றுக்கொள்ள வேண்டிய விஷயம்.

அந்த டாக்டரம்மா சித்தியின் சீட்டில் சிவப்பு மையில் 'கதண்டு' என்று தமிழிலேயே எழுதிக் கொடுத்தார். தம்பிக்குக் குப்பி உடைக்கவும் அரை மில்லி இழுக்கவும் சொல்லிக்கொடுத்தார். அவன் ஒரு வாரம் சாத்துக்குடியில் தண்ணீர் குத்திப் பழகினான். வெளிச்சம் படாமல் பீரோவில் ஒரு டப்பாவில் இரண்டு குப்பியும் சிரிஞ்சும் இருக்கின்றன. போன மார்ச்சில் காலாவதி ஆனதும் வேறு வாங்கி வைத்தான்.

தென்னந்தோப்புப் பக்கம் போகாதே என்றால் மட்டும் சித்தி கேட்பதில்லை. "மட்டை யாரு பொறுக்குவா?" என்கிறார்.