அனுமதி பெறாத விளையாட்டுகள்

சோனி ஸ்தாபனத்தார் 2004ஆம் ஆண்டு டிசம்பர் 12ஆம் தேதி ஜப்பானிலும், அடுத்த மார்ச்சு மாதத்தில் அமெரிக்காவிலும் விற்பனைக்குக் கொண்டுவந்த ‘பிளேஸ்டேஷன் போர்ட்டபிள்’ என்னும் கையடக்க விளையாட்டு யந்திரம், பி.எஸ்.பி. என்ற சுருக்கப் பெயராலேயே உலகெங்கும் வழங்கலாயிற்று. 4.3 அங்குலத் திரையும், 480க்கு 272 புள்ளிகளில் ஒளிரும் சித்திரமும், 32 மெகாபைட் நினைவகமும், 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடிய பிராசஸரும் வாய்ந்த அந்தச் சாதனம், சில ஆண்டுகளுக்கு முன்பு மேசையை அடைத்துக்கொண்டிருந்த கணினிகளுக்குச் சக்தியில் இளைத்ததன்று. இரண்டுக்கும் இருந்த பெரிய பேதம் வேறு: கணினியை வாங்கியவன் தான் எழுதிய நிரலைத் தன் இஷ்டம்போல் அதில் ஓட்டிப் பார்க்கலாம், பி.எஸ்.பி.யை வாங்கியவனோ, சோனியின் அங்கீகார முத்திரை பெற்ற நிரலன்றி மற்றெதையும் அதில் ஓட்ட இயலாது. இந்தப் பேதத்தைப் பொறாத இளைஞர்கள், பெரும்பாலும் புனைபெயர்களுக்குள் மறைந்துகொண்டு, ஹோம்ப்ரூ என்று அத்துறையினர் வழங்கும் சுயமுயற்சி மென்பொருளை அந்த யந்திரத்துக்குள் புகுத்துவதற்குச் செய்த பிரயத்தனங்களின் சரித்திரத்தையே இங்கே சொல்லப் புகுகிறேன்.

பூட்டு எதற்காக என்பதற்கு விடை வியாபாரக் கணக்கில் இருக்கிறது. விளையாட்டு யந்திரம் செய்வோர் யந்திரத்தின் விலையில் அதிக லாபம் வைப்பதில்லை. அதில் ஓடும் ஒவ்வொரு விளையாட்டின் விற்பனையிலிருந்தும் கிடைக்கும் உரிமத் தொகையைக் கொண்டே முதலீட்டை மீட்கிறார்கள். அனுமதி பெறாதவன் தன் விளையாட்டைத் தடையின்றி விற்கலாம் என்றாலும், அனுமதி பெற்றவனுடைய விளையாட்டைப் பிரதியெடுத்து இனாமாக வழங்கலாம் என்றாலும் அந்தக் கணக்கு குலைந்துபோகும். ஆயினும், பெருங்கதவைச் சாத்தியபடியே வைத்துக்கொண்டு, ஆர்வலர்களுக்கென்று ஒரு திட்டிவாசலைத் திறந்துவிடுவது அசாத்தியமன்று என்பதைச் சோனி ஸ்தாபனத்தாரே முன்னர் மெய்ப்பித்திருந்தார்கள். ‘நெட் யாரோஸ்’ என்ற பெயரில் 1997இல் அமெரிக்காவில் 750 டாலர் விலைக்கு அவர்கள் விற்ற கறுப்பு நிறப் பிளேஸ்டேஷன், வீட்டிலிருந்தபடியே விளையாட்டு எழுதிப் பழக விரும்புவோருக்கென்றே செய்யப்பட்டது. 2002இல் பிளேஸ்டேஷன் 2க்கு லினக்ஸ் உபகரணம் ஒன்றையும் வெளியிட்டார்கள். கையடக்கச் சாதனங்களிலும் இதற்கு முன்மாதிரி உண்டு. பண்டாய் நிறுவனத்தாரின் வொண்டர்ஸ்வானுக்காக 2000ஆம் ஆண்டில் க்யூட் நிறுவனத்தார் விற்ற ‘வொண்டர்விட்ச்’ என்னும் உபகரணத்தைக் கொண்டு அமெச்சூர்கள் விளையாட்டுகள் இயற்றினார்கள். அவர்களுக்கென்று நடத்திய போட்டியில் பரிசு பெற்ற ‘ஜட்ஜ்மென்ட் சில்வர்ஸ்வோர்ட்’, பிற்பாடு கடைகளில் விற்கும் கார்ட்ரிட்ஜாகவே வெளிவரும் பாக்கியமும் பெற்றது. இத்தகைய திட்டிவாசல் எதுவும் பி.எஸ்.பி.க்கு வைக்கப்படவில்லை. அதன்பின் நடந்தவை அனைத்தையும் இந்த ஒரு குறையோடு பொருத்திப் பார்க்கவேண்டும் என்பது என் துணிபு.

முதல் பிரவேசம் சுவரை இடித்து நடந்ததன்று. அமெரிக்காவில் யந்திரத்துடன் கூடவே வெளியான ‘வைப்அவுட் ப்யூர்’ என்ற பந்தய விளையாட்டுக்குள், கூடுதல் தடங்களை இறக்கிக்கொள்வதற்காக ஒரு வலை உலாவி மறைந்திருந்தது. முகவரி தேடும் சேவையைத் தங்கள் கணினியின் பக்கம் திருப்பிவிட்ட சிலர், அவ்வுலாவியைக் கொண்டு தாங்கள் விரும்பிய பக்கங்களைப் பார்க்கத் தொடங்கினார்கள். அடுத்து வந்த கண்டுபிடிப்பு அதைக் காட்டிலும் விசித்திரமானது. ஜப்பானில் முதன்முதல் விற்ற யந்திரங்களிலிருந்த 1.00 என்னும் ஃபர்ம்வேர், அதாவது யந்திரத்தை இயக்கும் உள்நிரல், மெமரி ஸ்டிக் என்னும் சேமிப்பு அட்டையிலிருந்து வரும் நிரலுக்கு முத்திரை இருக்கிறதா என்று சோதிக்கவே இல்லை. 2005 மே மாதத்தில் ‘நெம்’ என்ற புனைபெயர்க்காரர் ஒருவர், நிரல் பயில்வோர் வழக்கமாக முதலில் எழுதும் இரண்டு சொல் வணக்கத்தை அத்திரையில் எழுதிக் காட்டியபோது, கதவு பூட்டப்படாமலே கிடந்தது என்ற உண்மை உலகத்துக்கு வெளியாயிற்று.

அமெரிக்காவில் விற்ற யந்திரங்களோ 1.50 என்ற ஃபர்ம்வேரோடு வந்தவை. அவற்றில் சோதனை இருந்தது. ஜூன் மாதத்தில் ஸ்பெயின் தேசத்து இளைஞர் குழு ஒன்று, ஓடும் யந்திரத்தில் ஒரு மெமரி ஸ்டிக்கை உருவிவிட்டு மற்றொன்றைத் தக்க தருணத்தில் செருகினால் அச்சோதனை ஏமாந்துபோகும் என்று காட்டியது. சில தினங்களுக்குள்ளாகவே, ஸ்டிக்கை மாற்றும் சிரமமும் வேண்டாமல் ‘கேஎக்ஸ்ப்ளாயிட்’ என்ற எளிய உபாயத்தையும் கண்டுபிடித்துவிட்டது. ஒரே பெயரில் இரண்டு ஃபோல்டர்களைச் செய்து, ஒன்றின் பெயருக்குப் பின்னால் சதவீதக் குறியை இட்டு, குறியிட்டதில் வெறும் தலைப்பையும் படத்தையும், குறியில்லாததில் உண்மையான நிரலையும் வைத்துவிட்டால், யந்திரம் குற்றமற்ற முதலாவதைச் சோதித்துவிட்டு இரண்டாவதை ஓட்டியது. அதன்பின் ஹோம்ப்ரூ அமைப்பது எவர்க்கும் கைகூடும் காரியமாயிற்று: யுஎஸ்பி கேபிளால் கணினியோடு இணைத்து, மெமரி ஸ்டிக்கில் ‘பி.எஸ்.பி.’ என்ற ஃபோல்டருக்குள் இருக்கும் ‘கேம்’ ஃபோல்டரில் அந்த இரட்டை ஃபோல்டர்களை நகலெடுத்துவிட்டு, யந்திரத்தின் பட்டியலில் அதைத் தேர்ந்தெடுத்தால் போதும்.

அவ்வாறு ஓடியவை என்னென்ன என்று பார்ப்பதும் அவசியம். இட் சாஃப்ட்வேர் நிறுவனத்தார் ‘டூம்’ விளையாட்டின் மூலநிரலை 1997இலும் ‘க்வேக்’ விளையாட்டின் மூலநிரலை 1999இலும் பொதுமக்களுக்குத் திறந்து கொடுத்திருந்தமையால், அவ்விரண்டும் விரைவில் பி.எஸ்.பி.க்கு ஏற்பத் திருத்தி அமைக்கப்பட்டன. கேம் பாய் முதலிய பழைய யந்திரங்களைப் போல நடிக்கும் எமுலேட்டர்கள் வந்தன. எளிய கட்டளைகளால் விளையாட்டு இயற்ற உதவும் ‘லுவா பிளேயர்’ வந்தது. இவர்களுடைய கைவரிசைக்கு ஒரு திருஷ்டாந்தம் சொல்லலாம். பிராசஸர் 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடியதாயினும், அங்கீகாரம் பெற்ற விளையாட்டுகளுக்கு 222 மெகாஹெர்ட்ஸ் என்ற வரம்பை விதித்திருந்த சோனியார், 2007இல் 3.50 ஃபர்ம்வேர் வரும்வரை அதைத் தளர்த்தவில்லை. உரிமத் தொகை செலுத்தியவர்கள் அவ்வாறு காத்திருந்த காலத்தில், ஒரு காசும் செலுத்தாத அமெச்சூர்கள் முழு வேகத்தையும் அனுபவித்துக்கொண்டிருந்தார்கள்.

இதைச் சோனியார் பார்த்துக்கொண்டு வாளாவிருக்கவில்லை. 2005 ஜூலையில் வலை உலாவி முதலான வசதிகளோடு 2.00 ஃபர்ம்வேர் வந்தது; அது பழைய ஓட்டைகளையும் அடைத்தது. புதிதாக வெளியாகும் விளையாட்டுகள் புதிய ஃபர்ம்வேர் இல்லாமல் ஓடமாட்டோம் என்றதனால், புதியதை விளையாடுவதா, சுயேச்சையைக் காப்பதா என்ற தர்மசங்கடம் ஒவ்வொரு வீட்டிலும் உண்டாயிற்று. ஆனால் புதிய வசதி ஒவ்வொன்றும் வெளியுலகிலிருந்து எதையாவது வாங்கிக்கொள்ளும் வாயில் அல்லவா? செப்டம்பர் மாதத்தில், படம் காட்டும் வசதியே வழியாக அமைந்தது. டிஃப் என்ற வகைப் படக்கோப்பு ஒன்று தன் அளவைப் பற்றிப் பொய் சொல்லுமாறு அமைக்கப்பட்டால், நாழி கொள்ளும் பாத்திரத்தில் குறுணி அரிசியைக் கொட்டியதுபோல, மிஞ்சிய எழுத்துகள் அடுத்திருந்த நினைவகப் பகுதியில் சிந்தி, அடுத்து எங்கே செல்வது என்று யந்திரம் குறித்து வைத்திருந்த இடத்தை அழித்து, அந்நியனுடைய கட்டளைக்கு அதனை இட்டுச்சென்றன. இந்த உபாயத்தால் 2.00இலிருந்து 1.50க்குத் திரும்பும் வழி கிடைத்தது. அவ்வாறு திரும்ப உதவும் நிரல் என்று வேஷமிட்ட ஒரு நாசகார நிரலும் அக்டோபரில் உலாவி, இன்றியமையாத கோப்புகளை அழித்துப் பல யந்திரங்களை உயிரற்ற கட்டைகளாக்கியது. முத்திரையில்லாத நிரலை ஓட்டுகிறவன் நன்மையோடு தீமைக்கும் கதவைத் திறக்கிறான் என்ற சோனி தரப்பு வாதத்துக்கு அதைவிடச் சிறந்த சாட்சியம் கிடைத்திராது.

படத்துக்கு அடுத்தபடியாக, ஆட்டத்தை நிறுத்திய இடத்தைச் சேமித்து வைக்கும் சேவ் கோப்புகள் வழியாயின. ‘கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸ்’ விளையாட்டின் சேவ் கோப்பைத் திரித்து 2006இல் 2.60 ஃபர்ம்வேர் வரைக்கும் ஹோம்ப்ரூ ஓட்டினார்கள். மிஸுகுச்சி டெட்சுயாவின் ‘லுமினெஸ்’ என்னும் கட்டை அடுக்கும் விளையாட்டுக்கு 2007 ஜூனில் அதே கதி நேர்ந்தபோது, வெளிவந்து இரண்டாண்டுக்கு மேலாகிக் கடையோரத்தில் ஒதுங்கியிருந்த அதன் வட்டு, இணையக் கடைகளில் திடீரென்று விற்பனைப் பட்டியலின் உச்சிக்குத் தாவியது. விளையாடுவதற்காக அன்றித் திறவுகோலாக ஒரு விளையாட்டை விலைகொடுத்து வாங்கிய காலம் அது.

இந்த ஓட்டைகள் அனைத்துக்கும் ஒரு குறை இருந்தது: அடுத்த ஃபர்ம்வேர் வந்தவுடன் அவை மறைந்துபோகும். அந்தக் குறையை நீக்கியவர் ‘டார்க் அலெக்ஸ்’ என்ற புனைபெயரில் புகழ்பெற்ற ஸ்பானியர். 2006 அக்டோபரில் வெளியிட்ட 2.71 எஸ்.இ. தொடங்கி, சோனியின் ஃபர்ம்வேரையே எடுத்து, அதன் வசதிகளைக் காத்து, தடைகளை மட்டும் களைந்து, திரும்ப வழங்கும் முறையை அவர் நிலைநாட்டினார். புதிய விளையாட்டும் சுயேச்சையும் ஒருங்கே கிடைத்தமையால் தர்மசங்கடம் தீர்ந்தது. ஆனால் அதே ஃபர்ம்வேர், வட்டிலிருந்து பிரதியெடுத்த விளையாட்டையும் மெமரி ஸ்டிக்கிலிருந்து ஓட்ட வல்லதாக இருந்தது. தாம் வாங்கிய வட்டைத் தேயாமல் காப்பதற்காக அதைப் பயன்படுத்தியோரும் உண்டு. ஒரு வட்டும் வாங்காமல் நூறு விளையாட்டு ஆடியோர் அவர்களைவிடப் பல மடங்கு உண்டு. ஹோம்ப்ரூ பிரியர்கள் இதை மறைத்துப் பேசுவது நியாயமன்று. அவர்கள் தட்டித் திறந்த வாசல் வழியே திருட்டும் உள்ளே நுழைந்தது, பி.எஸ்.பி.க்கு விளையாட்டு எழுதிப் பிழைத்தவர்கள் அதன் நஷ்டத்தைச் சுமந்தார்கள்.

2007 ஆகஸ்டில் வெளியான ‘பண்டோரா’ பாட்டரி இந்தச் சரித்திரத்தின் சிகரம். பழுதுபார்க்கும் நிலையங்களின் உபயோகத்துக்காக, பாட்டரிக்குள் பதிந்துள்ள வரிசை எண் ஒரு விசேஷ எண்ணாக இருந்தால், தன் சொந்த ஃபர்ம்வேரைப் புறக்கணித்து மெமரி ஸ்டிக்கிலிருந்தே விழித்தெழும்படி பி.எஸ்.பி.யை அதன் கர்த்தாக்களே அமைத்திருந்தார்கள். சாதாரணப் பாட்டரியின் எண்ணை மாற்றி எழுதியோ, அதன் சிப்பின் கால் ஒன்றைத் தூக்கிவிட்டோ அந்த ராஜமுத்திரையை எவரும் வீட்டிலேயே செய்துகொள்ளலாம் என்ற ரகசியம் வெளிப்பட்டபோது, எந்த ஃபர்ம்வேரும் தடையாகவில்லை. நாசகார நிரலால் மாண்டுகிடந்த யந்திரங்களும் அதனால் உயிர்த்தெழுந்தன. பிற்பாடு வந்த மாதிரிகளில் இவ்வழியை அடைத்தார்கள். அதன்பின் மீண்டும் படக்கோப்புகளும் சேவ் கோப்புகளுமாகத் தேடும் வேலை தொடர்ந்தது.

முடிவு வேறொரு யந்திரத்திலிருந்து வந்தது. பிளேஸ்டேஷன் 3இல் லினக்ஸ் ஓட்டிக்கொள்ளும் உரிமையை, அதாவது திட்டிவாசலை, முதலில் கொடுத்திருந்த சோனியார், 2010 ஏப்ரலில் ஒரு ஃபர்ம்வேரின் மூலம் அதைப் பறித்தார்கள். அதுவரை ஏறத்தாழ மூன்றரை ஆண்டுகள் அந்த யந்திரத்தின் காப்பை எவரும் முழுவதும் உடைத்திருக்கவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் பெர்லின் மாநாடு ஒன்றில் ‘ஃபெயில்ஓவர்ஃப்ளோ’ என்ற குழுவினர், ஒவ்வொரு முத்திரைக்கும் புதிதாகத் தேர்ந்தெடுக்கவேண்டிய ரகசிய எண்ணைச் சோனியார் மாற்றாமல் ஒன்றையே திரும்பத் திரும்ப உபயோகித்தார்கள் என்றும், இரண்டு முத்திரைகளை ஒப்பிட்டால் பள்ளிக்கூட அல்ஜீப்ராவைக் கொண்டே மூலத் திறவுகோலை வருவித்துவிடலாம் என்றும் காட்டினார்கள். லினக்ஸைப் பறித்ததே வல்லவர்களை அந்த யந்திரத்தின்மேல் ஏவியது என்பதும் அவர்கள் அங்கே முன்வைத்த வாதம். பி.எஸ்.பி. விளையாட்டுகளை ஓட்டும் ஏற்பாடு பிளேஸ்டேஷன் 3க்குள் இருந்தமையால், பெரிய யந்திரம் திறந்தவுடன் சிறியதன் திறவுகோல்களும் அதனுள்ளேயே கிடைத்தன. 2011 முதல் ஹோம்ப்ரூ நிரல்கள் சோனியின் முத்திரை பெற்றவைபோலவே, எவ்வித ஓட்டையும் வேண்டாமல், பி.எஸ்.பி.யில் ஓடலாயின.

இன்று அந்த யந்திரத்தை வைத்திருப்பவன் செய்யவேண்டிய சடங்கு சொற்பம். சோனியார் 2015இல் கடைசியாக வழங்கிய 6.61 ஃபர்ம்வேருக்கு வந்து, ஆர்வலர்கள் செய்த ஃபர்ம்வேரை ‘கேம்’ ஃபோல்டரில் வைத்து ஓட்டினால் போதும். யந்திரத்தை முழுவதும் அணைத்துவிட்டால் மட்டும் அதை மறுபடி ஒருமுறை ஓட்டவேண்டும், நிரந்தரமாக்கும் நிரலும் உண்டு. சட்டம் இன்னும் இணங்கிவரவில்லை. அமெரிக்காவில் கைபேசிகளின் பூட்டைத் திறப்பதற்கு 2010இல் அளித்த விலக்கு, விளையாட்டு யந்திரங்களுக்கு 2012இல் மறுக்கப்பட்டது. ஆனால் பி.எஸ்.பி.யிலிருந்து விளையாட்டு வாங்கும் வசதியைச் சோனியாரே 2021 ஜூலையில் நிறுத்திவிட்டபின், அந்த யந்திரத்துக்கு இன்றும் புதிதாக எழுதுகிறவர்கள் அனுமதி பெறாத அந்த அமெச்சூர்களே. நெட் யாரோஸைப் போல ஒரு வாசலைத் தொடக்கத்திலேயே அவர்களுக்குக் கொடுத்திருந்தால் திருட்டு ஒழிந்திருக்கும் என்று நான் சொல்லவரவில்லை. திருடுகிறவன் எப்படியும் முயன்றிருப்பான். ஆனால் அவனிடம் இல்லாத சாமர்த்தியத்தை அவனுக்குக் கடனாகத் தந்தவர்கள், தங்கள் சிறு விளையாட்டுகளை ஓட்டுவதற்கு வேறு வழியறியாத கைவல்லவர்கள். அவர்களைப் பகைத்துக்கொண்டதே அந்த ஸ்தாபனம் வியாபாரக் கணக்கிலும் செய்த பெரும்பிழை.